பாதியில் நின்ற பக்கம்

1974 ஜனவரி 8, செவ்வாய்

விடுமுறை முடிந்து கல்லூரி திறந்து இரண்டாம் நாள். இரண்டாம் வருஷப் பெண்களுக்குக் கிரேக்கத் தத்துவத்தின் கடைசிப் பகுதியை ஆரம்பித்தேன். நியோபிளேட்டோனிசம், ஆயிரத்தெழுநூறு வருஷத்துக்கு முன் ஒரு எகிப்துக்காரர் தொடங்கிவைத்தது. எல்லாவற்றுக்கும் மேலே ‘ஒன்று’ இருக்கிறது. அதற்குப் பெயர் கிடையாது, குணம் கிடையாது. ‘இருக்கிறது’ என்று சொல்வதுகூடச் சரியில்லை. அது பொங்கி வழிவதால் அறிவு உண்டாகிறது, அறிவிலிருந்து ஆன்மா, ஆன்மாவிலிருந்து இந்த உலகம். அடுப்பில் பால் பொங்குவதைப் போல என்றேன். முதல் பெஞ்சில் ஒருத்தி, அப்படியானால் பாத்திரத்தில் பால் குறைந்துவிடுமே டீச்சர் என்று கேட்டாள். குறையாது, அதுதான் விசேஷம் என்றேன். அவளுக்கு நம்பிக்கை வரவில்லை. இதில் பதினொரு வருஷமாக ஆராய்ச்சி செய்யும் எனக்கே சில நாள் வருவதில்லை.

வீட்டில் வழக்கம் போல. பத்ரன் பேசவில்லை. ஐந்து மாதம் முடிந்தது.

ஜனவரி 10, வியாழன்

இன்று பத்ரனைத் தரிசிக்கப் பதினான்கு பேர். எங்கள் கல்பாத்தியின் நான்கு அக்ரஹாரங்களிலிருந்தும் வந்தார்கள், நூரணியிலிருந்து ஒரு குடும்பம் வண்டி வைத்துக்கொண்டு வந்தது. அம்மா கூடத்தில் பத்ரனைப் பலகையில் உட்கார வைத்திருந்தாள். வெள்ளை வேஷ்டி, நெற்றியில் அவளே இட்ட விபூதி. வருகிறவர்கள் நமஸ்காரம் செய்துவிட்டு எதிரில் சற்று நேரம் உட்கார்ந்து எழுந்து போகிறார்கள். அவன் யாரையும் பார்ப்பதில்லை.

பிற்காலத்தில் நானே மறந்துபோகலாம் என்பதால் எழுதி வைக்கிறேன். என் தம்பி ராமபத்ரன், முப்பத்தாறு வயது, ஏலப்பாறைப் பக்கம் ஒரு தேயிலை எஸ்டேட்டில் ஹெட் கிளார்க். போன ஆகஸ்டில் எஸ்டேட் ஜீப் அவனைக் கொண்டுவந்து வாசலில் இறக்கிவிட்டுப் போயிற்று. கூடவே துரையின், அதாவது எஸ்டேட் மானேஜரின், கடிதம்: மழைக்காலத்தில் நரம்புத் தளர்ச்சி, ஓய்வு தேவை. மலையில் எங்கோ மண் சரிந்தது என்று டிரைவர் அம்மாவிடம் சொன்னாராம். அன்றிலிருந்து பத்ரன் ஒரு வார்த்தை பேசவில்லை. முதலில் தெருவே பரிதாபப்பட்டது. கார்த்திகை மாதத்தில் யாரோ ஒருவருக்கு, இவன் எதிரில் உட்கார்ந்துவிட்டுப் போன மறுநாள், வருஷக்கணக்காக இழுத்த கேஸ் ஜெயித்தது. அதன் பிறகு பரிதாபம் பக்தியாகிவிட்டது.

“என் வயத்துல பொறந்தது சாதாரணப் பொறப்பில்லை, கேட்டயா சுந்தரி” என்றாள் அம்மா, தேங்காய்களை உள்ளே எடுத்து வைத்தபடி.

சரி என்றேன். எனக்குச் சந்தோஷமும் இல்லை, கோபமும் இல்லை. கால் மரத்துப்போனால் கிள்ளிப் பார்ப்போமே, அப்படி என்னை நானே ஒன்றிரண்டு தடவை கிள்ளிப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. இதுவும் ஒரு நிலைதானோ? எல்லாவற்றையும் ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டே போகச் சொல்கிறார் நான் படிக்கிற அந்த எகிப்து ஆசாமி. எனக்கு நாற்பத்தொன்று. செவ்வாய் தோஷம் கல்யாணத்தைக் கழித்தது. மற்றதெல்லாம் தானாகவே கழிந்துகொண்டு வருகிறது.

ஜனவரி 19, சனி

என் ஆராய்ச்சி வழிகாட்டி பேராசிரியர் ராஜாராமன் மதராஸிலிருந்து குருவாயூர் போகிற வழியில் வந்தார். தெருக்காரர்கள் என் படிப்பை ‘வெள்ளைக்காரன் வேதாந்தம்’ என்று கேலி செய்வது அவருக்குத் தெரியும். அந்த எகிப்துக்காரர் வெள்ளைக்காரனே இல்லை என்று தெருவில் நின்று இரண்டு பேருக்கு விளக்கிவிட்டுத்தான் உள்ளே வந்தார். பத்ரன் எதிரில் ஒரு மணி நேரம் உட்கார்ந்தார். எழுந்தபோது கண் கலங்கியிருந்தது.

“பதினோரு வருஷமா நீங்க புஸ்தகத்துல தேடறதை உங்காத்துக் கூடத்துலயே வெச்சுண்டிருக்கேள்” என்றார்.

சொல்லுக்கு எட்டாததைப் பற்றிய ஐந்தாம் அத்தியாயத்தில் இதைச் சேர்க்க வேண்டும் என்றார். மார்ச் கடைசிக்குள் ஆய்வேட்டைச் சமர்ப்பித்தாக வேண்டும். இனி ஒரு நாளும் நீட்டிப்பு கிடைக்காதாம்.

ஜனவரி 20, ஞாயிறு

ஒரு பத்தி சேர்த்தேன். பெயர் போடவில்லை. ‘ஆய்வாளர் நேரில் அறிந்த ஒருவர்’ என்று. எழுதியபின் நன்றாக வந்திருப்பதாகத் தோன்றியது.

பிப்ரவரி 4, திங்கள்

எஸ்டேட் துரையிடமிருந்து கடிதம். எவ்வளவு காலம் வேண்டுமானாலும் ஓய்வெடுக்கட்டும், போன வருஷத்து விஷயங்களைக் கேட்டு அவரைத் தொந்தரவு செய்யாதீர்கள், ஆபீஸ் சம்பந்தமாக யார் வந்தாலும் பார்க்க அனுமதிக்க வேண்டாம் என்று எழுதியிருக்கிறார். நல்ல மனுஷர்.

ஐந்தாம் அத்தியாயத்தின் பழைய பக்கங்களை எடுத்து வைத்துக்கொண்டேன். முதல் நான்கு அத்தியாயமும் பத்ரன் டைப் அடித்துக் கொடுத்ததுதான். எஸ்டேட் ஆபீஸில் நல்ல மெஷின் இருக்கிறது. நான் கையெழுத்துப் பிரதியைத் தபாலில் அனுப்புவேன், அவன் கொஞ்சம் கொஞ்சமாக அடித்துத் திருப்பி அனுப்புவான். என் கையெழுத்து இந்த உலகத்தில் அவன் ஒருத்தனுக்குத்தான் புரியும். ஐந்தாம் அத்தியாயத்தில் பதினாலாம் பக்கம் பாதியில் நிற்கிறது. ‘ஒன்றுக்குக் குறை எதுவும் இல்லை, ஆகவே அது எதை நோக்கியும் திரும்’ — அவ்வளவுதான். வார்த்தைகூட முடியவில்லை. அவன் வந்த அன்று டிரங்குப் பெட்டியில் நாலாக மடித்துக் கிடந்தது. ஓரத்தில் தேநீர்க் கறை. ரிப்பன் தீர்ந்திருக்கும் என்று நினைத்து அப்போதே ஃபைலில் செருகி வைத்தேன்.

பிப்ரவரி 13, புதன்

எழுத ஒன்றும் இல்லை.

பிப்ரவரி 17, ஞாயிறு

வாடகைக்கு ஒரு டைப்ரைட்டர் கொண்டுவந்தேன். மிச்சத்தை நானே அடித்துவிடலாம் என்று. இரண்டு வரி அடிப்பதற்குள் பத்ரன் பலகையை விட்டு எழுந்து கொல்லைக்குப் போய்விட்டான். நிறுத்தினால் வந்தான். மறுபடி அடித்தேன், மறுபடி போனான். கிணற்றங்கரையில், கயிற்றைப் பிடித்துக்கொண்டு, முதுகைக் காட்டி நின்றான்.

சொல்லையே கடந்தவனுக்கு எழுத்தின் ஓசைகூடத் தாங்கவில்லை போலும். பேராசிரியருக்கு இதை எழுத வேண்டும். மெஷினைத் திருப்பிக் கொடுத்துவிட்டு மிச்சத்தை டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட்டில் கொடுத்தேன்.

மார்ச் 6, புதன்

வகுப்பில் பெண்கள் தூங்கி வழிந்தார்கள். எழுப்புவதற்காக அந்த எகிப்துக்காரரின் கதைகளைச் சொன்னேன். ரோமாபுரியில் அவர் வீட்டில் எப்போதும் ஆட்கள், அவர் பொறுப்பில் விடப்பட்ட அநாதைக் குழந்தைகள் வேறு. எழுதிக்கொண்டிருக்கும்போது யாராவது வந்தால் எழுந்து போய் அவர்களுக்கு வேண்டிய மட்டும் பேசுவாராம். அவர்கள் போனதும் உட்கார்ந்து, முன்னால் எழுதியதைத் திரும்பப் படித்துக்கூடப் பார்க்காமல், விட்ட வரியின் நடுவிலிருந்து எழுதுவாராம். பெண்கள் சிரித்தார்கள். எங்கள் அம்மா சமையல் செய்துகொண்டே அப்படித்தான் பேசுவாள் என்றாள் பாலைப் பற்றிக் கேட்டவள்.

ஆய்வேட்டில் இதெல்லாம் கிடையாது. தத்துவம் இல்லை, வெறும் சரித்திரம் என்று பேராசிரியர் நீக்கச் சொல்லி, எப்போதோ நீக்கிவிட்டேன்.

மார்ச் 9, சனி

பத்ரன் நாலு நாளாக ஒரு கைப்பிடிச் சாதத்துக்கு மேல் சாப்பிடுவதில்லை. தோள் எலும்பு தெரிகிறது. வருகிறவர்களிடம் அம்மா, உபவாசம் என்கிறாள். அடுத்த தெருவில் இருக்கும் ரிடையரான டாக்டர் தானாகவே வந்து நாடி பார்த்தார். இது வியாதிம்மா, கோயமுத்தூருக்குக் கூட்டிக்கொண்டு போங்கள், இப்படியே விட்டால் ஆள் இருக்க மாட்டான் என்று முகத்துக்கு நேரே சொன்னார்.

“என் பிள்ளைக்குப் பைத்தியம்னு பேர் வெக்க வந்தேளாக்கும்” என்று அம்மா காப்பிகூடக் கொடுக்காமல் அனுப்பினாள்.

நான் நடுவில் பேசவில்லை. பேசியிருக்கலாம். ஐந்தாம் அத்தியாயத்தில் அவனைப் பற்றிய அந்தப் பத்தி ஞாபகத்துக்கு வந்தது. அவன் வியாதிக்காரன் என்றால் பத்தி என்ன ஆகும்? — இப்படி நினைத்தேன் என்பதை எழுதத்தான் வேண்டும்.

மார்ச் 14, வியாழன்

நாலு மணிக்குக் கல்லூரியிலிருந்து வந்தபோது தெருவில், எங்கள் வீட்டுக்கு எதிர்ப் புறமாக, ஒரு ஆள் நின்றுகொண்டிருந்தார். நாற்பது வயது இருக்கும். காக்கிச் சட்டை, கையில் மடக்கின குடை, கழுத்தில் கறுப்புக் கயிற்றில் சிலுவை. பத்ரனைப் பார்க்க வந்த கூட்டம் உள்ளே இருந்தது. இவர் பகல் பன்னிரண்டு மணியிலிருந்து நிற்கிறார் என்று பக்கத்து வீட்டில் சொன்னார்கள். அம்மா நிற்கச் சொன்னாளாம். நின்றுவிட்டார்.

யார் என்று கேட்டேன். பெயர் சூசையப்பன், ஏலப்பாறையிலிருந்து கம்பம், பழனி, பொள்ளாச்சி என்று பஸ் மாறி வந்திருக்கிறார். ரைட்டரய்யாவைப் பார்க்க வேண்டும் என்றார், பத்ரனைத்தான். ஆபீஸ் சம்பந்தமாக யாரையும் விட வேண்டாம் என்று துரை எழுதியது நினைவுக்கு வந்தது. அந்த நினைவினால்தான், ஏனோ, அவரைப் பக்கத்துச் சந்து வழியாகக் கொல்லைப்புறம் அழைத்துப் போனேன். தண்ணீர் கொடுத்தேன். கிணற்றங்கரையில் நின்றே சொன்னார். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை.

ஆகஸ்ட் மூன்றாம் தேதி, வெள்ளிக்கிழமை. பத்து நாளாக விடாத மழை. அவர்கள் குடியிருக்கும் லயத்துக்கு, அதுதான் தொழிலாளர் வீட்டு வரிசை, பின்னால் மண்மேடு. அதில் ஏற்கெனவே இருந்த வெடிப்பு அன்று கை நுழைகிற அளவு ஆகிவிட்டது. இவர் ஆபீஸுக்கு ஓடினார். அங்கிருந்து மணி அடித்தால் லயமே காலியாகி ஃபாக்டரிக்கு வந்துவிடும். பத்ரன் டைப் அடித்துக்கொண்டிருந்தான். தலையைத் தூக்காமல், இந்தப் பக்கத்தை முடித்துவிட்டு வருகிறேன், நில்லு என்றானாம். ஐந்து மணி பஸ்ஸில் தபால் போக வேண்டும் என்றானாம்.

“ரைட்டரய்யா நில்லுன்னா நிக்கணும்லாம்மா. அதான பழக்கம். வராந்தாவுல நின்னேன். டக்குடக்குன்னு மிசின் சத்தம் கேட்டுக்கிட்டே இருந்துச்சு. அரைமணி நேரம் நின்னேன். பொறவு வேற சத்தம் கேட்டுச்சு.”

மாரித்தாய் அவர் மனைவி. பக்கத்து வீட்டில் ஒரு கிழவரும் அவர் மருமகளும். மூன்று பேரும் மண்ணுக்குள் போய்விட்டார்கள்.

அவர் அழவில்லை. சொல்லிச் சொல்லிப் பழகின மாதிரி சொன்னார். ஏப்ரல் பத்தாம் தேதி தொழில் இலாகா விசாரணை இருக்கிறது. யாருமே வெடிப்பைப் பற்றிப் புகார் சொல்லவில்லை என்று எஸ்டேட்டில் எழுதிக் கொடுத்திருக்கிறார்கள். புகார் ரிஜிஸ்டரைக் காணவில்லையாம். புகாரைக் காதால் கேட்ட ஒரே ஆள் இங்கே பலகையில் உட்கார்ந்திருக்கிறான்.

“அவரச் சாமின்னு சொல்லுதாக. இருக்கட்டும். சாமி ஒரு வார்த்த சொன்னா போதும்” என்றார்.

உள்ளே போய்ப் பத்ரனைப் பார்க்கிறீர்களா என்றேன். இவ்வளவு தூரம் வந்தவர், வேண்டாம் என்று போய்விட்டார்.

மார்ச் 15, வெள்ளி

லீவு போட்டேன்.

ஐந்து மணித் தபால். ஐந்து மணித் தபால். யாருடைய தபால்? ஜூலை கடைசியில் நான் எழுதின கார்டு: வெள்ளிக்கிழமைத் தபாலில் எப்படியாவது சேர்த்துவிடு, ராஜாராமன் ஸார் திங்களன்று கேட்பார். எப்படியாவது என்பதற்கு அடியில் கோடு போட்டேன். நான்தான் போட்டேன். கோடு போட்டது ஞாபகம் இருக்கிறது.

பதினாலாம் பக்கம். அது தேநீர்க் கறை இல்லை. மண்.

ஏழு மாசமா அவன் மிண்டல்லே, ஒரு வார்த்தை பேசல்லே. நான் ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, என்னடா ஆச்சுன்னு கேட்டேனா? கேக்கல்லே. அம்மா கேக்கல்லே, அவளுக்குச் சாமி வேணும். நேக்கு அத்தியாயம் வேணும். கிணத்தங்கரைல போய் நின்னானே, அன்னிக்காவது — சொல்லைக் கடந்தவனாம். நன்னா இருக்கு. நன்னா எழுதினேன்.

அந்த எகிப்துக்காரர் எழுந்து போவார். அதுதான் தாங்கவில்லை. யார் கூப்பிட்டாலும் வரியின் நடுவில் எழுந்து போவார். போய் வந்து தொடர்வார். அவருக்கு ‘ஒன்று’ எங்கேயும் ஓடிப்போய்விடவில்லை. அதை நான் சிரிப்புக் கதையாக வகுப்பில் சொன்னேன், ஆய்வேட்டிலிருந்து நீக்கிவிட்டேன், இவனுக்கு அனுப்பியதில் அது இல்லை. குறையே இல்லாத, எதை நோக்கியும் திரும்பாத ஒன்றை மட்டும் பக்கம் பக்கமாக அனுப்பி வைத்தேன். அவனும் திரும்பவில்லை.

மார்ச் 17, ஞாயிறு

அம்மா கோயிலுக்குப் போயிருந்த நேரம். பலகைக்கு எதிரே தரையில் உட்கார்ந்தேன். சூசையப்பன் வந்தார், எல்லாம் சொன்னார் என்றேன். பதினாலாம் பக்கத்தை அவன் முன்னால் வைத்தேன். அவசரப்படுத்தினது நான், அந்தக் கார்டு நான் எழுதினது என்றேன். அன்னிக்கு என்ன ஆச்சு பத்ரா என்று கேட்டேன்.

ஏழு மாதத்தில் முதல் தடவையாக என்னைப் பார்த்தான். பிறகு காகிதத்தின் மேல் கையை வைத்து அந்தக் கடைசி வரியை மூடிக்கொண்டான். வெகுநேரம் எடுக்கவில்லை.

கஞ்சி கொண்டுவந்து கொடுத்தேன். பாதி டம்ளர் குடித்தான்.

மார்ச் 24, ஞாயிறு

அம்மாவிடம் சொன்னேன். விசாரணைக்கு அவனைக் கூட்டிக்கொண்டு போகப் போகிறேன் என்றேன். முதலில் நம்பவில்லை. பிறகு அந்த ஆள் பொய் சொல்கிறான் என்றாள். பிறகு, தம்பியைப் போலீஸில் பிடித்துக் கொடுக்கிற அக்கா லோகத்தில் உண்டா என்று கேட்டாள். பகல் முழுவதும் சாப்பிடவில்லை. சாயங்காலம் அடுக்களையில் விளக்குகூடப் போடாமல் உட்கார்ந்திருந்தாள். பக்கத்தில் போனேன்.

“மிண்டாம இருந்தா சாமி. மிண்டினா குத்தவாளி. நீயே சொல்லு, பெத்தவளுக்கு எது வேணும்?”

அவள் கேட்டது நியாயம் என்றுகூடத் தோன்றியது. இருந்தாலும் பேசாமலே செத்துப் போவான் அம்மா என்றேன். டாக்டர் சொன்னதும் அதுதான் என்றேன். அவள் எழுந்து விளக்கைப் போட்டாள்.

ஏப்ரல் 1, திங்கள்

ஆய்வேட்டைச் சமர்ப்பிக்கவில்லை. கெடு நேற்றோடு முடிந்தது. ஏதாவது தோன்றும் என்று எதிர்பார்த்தேன். தோன்றவில்லை.

ஏப்ரல் 9, செவ்வாய். ஏலப்பாறை

நேற்று விடியற்காலை பஸ் ஏறினோம். பத்ரன் ஜன்னலோரம். பையைக் கொடு என்றால் கொடுத்தான், இறங்கு என்றால் இறங்கினான். ராத்திரி கம்பத்தில் தங்கினோம். இன்று ஜீப்பில் கம்பம்மெட்டு ஏறினோம். ஏலத்தோட்ட வேலைக்குப் போகிற பெண்கள் பத்துப் பேர் எங்கள் மடியில் பாதி உட்கார்ந்து வந்தார்கள். சோதனைச் சாவடியில் மூட்டைகளைப் பிரித்துக் கட்டுகிறவரை நிற்க வேண்டியிருந்தது, ஊரே ஏலக்காய் மணம். ஆனைக்கரை தாண்டியதும் மேகம் கறுத்தது. சாதாரணக் கோடை மழைதான். முதல் துளி விழுந்ததும் பத்ரன் என் கையைப் பிடித்துக்கொண்டான். சின்ன வயதில்கூடப் பிடித்ததில்லை. ஏலப்பாறை வரும்வரை விடவில்லை.

எனக்குப் பயமாக இருக்கிறது. நாளைக்கு அவன் பேசாவிட்டால் என்ன, பேசிவிட்டால் என்ன — இரண்டுக்கும் பயம். பயம் என்று ஒன்று தெரிகிறதே, அதுவே எத்தனையோ நாளுக்குப் பிறகு.

ஏப்ரல் 10, புதன்

ஒரு பள்ளிக்கூட அறையில் விசாரணை. அதிகாரி மலையாளி, வயதானவர், மெதுவாகப் பேசினார். எஸ்டேட் வக்கீல் எழுந்து, இவர் மனநிலை சரியில்லாதவர், ஊரில் இவரைச் சாமியாராக வைத்துக் கும்பிடுகிறார்கள், இவர் சொல்வதைச் சாட்சியமாக எடுக்கக் கூடாது என்றார். அது வேறு அவர்களுக்கு உதவியாகப் போயிற்று.

அதிகாரி பெயரைக் கேட்டார். பத்ரன் பேசவில்லை. மறுபடி கேட்டார். வக்கீல் சிரித்தார் என்று நினைக்கிறேன். அறைக்கு வெளியே வராந்தாவில் தொழிலாளர்கள் நின்றுகொண்டிருந்தார்கள், முன்னால் சூசையப்பன். கதவு திறந்திருந்தது. பத்ரன் திரும்பி வராந்தாவைப் பார்த்தான்.

“சூசையப்பன் வந்து சொன்னான்” என்றான். எட்டு மாதம் பேசாத தொண்டை, பாதி காற்றுதான் வந்தது. “நாலு பத்துக்கு. வெடிப்பு பெரிசாயிடுத்துன்னான். நான் நிக்கச் சொன்னேன்.”

அதற்கு முன்னால் புகார் வந்ததுண்டா என்று கேட்டார் அதிகாரி. இரண்டு தடவை ரிஜிஸ்டரில் எழுதித் துரைக்கு அனுப்பியதாகச் சொன்னான். மழை கழியட்டும் என்று துரை பக்கத்தில் எழுதிக் கையெழுத்துப் போட்டாராம். தேதி இரண்டையும் சொன்னான். வக்கீல் குறுக்கே பேசினார். பத்ரன் அவரைப் பார்க்கவில்லை.

“அது அவர். அன்னிக்கு நான்” என்றான்.

அந்த நேரத்தில் நீங்கள் என்ன செய்துகொண்டிருந்தீர்கள் என்று அதிகாரி கேட்டார். டைப் அடித்துக்கொண்டிருந்தேன் என்றான். ஆபீஸ் வேலையா?

“இல்லை. என் அக்காவோடது.”

அதிகாரி எழுதிக்கொண்டார். பேனா காகிதத்தில் ஓடும் சத்தம் கேட்டது. நான் இருந்த இடத்திலிருந்து எழுந்து நின்றேன். யாரும் கேட்கவில்லை, ஆனாலும் நான்தான் அந்த அக்கா என்றேன். உட்காருங்கள் அம்மா என்றார் அதிகாரி, மரியாதையாகவே.

வெளியே வந்தபோது சூசையப்பன் எங்களைத் தாண்டிப் போனார். நிற்கவில்லை.

ஏப்ரல் 18, வியாழன்

யாரும் வரவில்லை. செய்தி எங்களுக்கு முன்னாலேயே தெருவுக்கு வந்துவிட்டது. அம்மா பலகையைக் கழுவிச் சுவரில் சாய்த்து வைத்தாள். பத்ரனிடம் அவள் பேசுவதில்லை. அவன் ஒரு நாளைக்கு நாலு வார்த்தை பேசுகிறான். தண்ணி. போறும். ஒறங்கப் போறேன். மூன்று வேளையும் சாப்பிடுகிறான். அவனுக்குப் பிடித்த மொளகூட்டலை அம்மா வாரம் இரண்டு தடவை செய்கிறாள். செய்து வைத்துவிட்டு உள்ளே போய்விடுகிறாள்.

மே 11, சனி

இரண்டு கடிதம். எஸ்டேட்டிலிருந்து: பத்ரன் வேலை நீக்கம். ஆபீஸ் நேரத்தில் சொந்த வேலை செய்தது காரணம். அவன் படித்துவிட்டு, சரிதான் என்றான். இரண்டு குடும்பத்துக்கும் நஷ்ட ஈடு என்று தீர்ப்பாம். எஸ்டேட் மேல்முறையீடு செய்திருக்கிறது.

பேராசிரியரிடமிருந்து: நான் கெடுவைத் தவறவிட்டது அவருக்கு அவமானம் என்று எழுதியிருக்கிறார். எல்லாம் விளக்கி எழுதியிருந்தேன். அதற்கு ஒரு வரி பதில் இருக்கிறது. பத்ரனுடைய மௌனத்தை அவர் இன்னமும் மதிப்பதாகவும், அதன் காரணம் என்னவாக இருந்தாலும் தத்துவத்துக்கு அது பொருட்டல்ல என்றும். அந்தக் கடிதத்தைப் படித்தபோது கோபம் வந்தது. நல்ல கோபம், காது சுட்டது. ஐந்தாம் அத்தியாயத்தை எடுத்து அவனைப் பற்றிய பத்தியைக் குறுக்கே கோடு போட்டு அடித்தேன். அடியில் கோடு போடவும் எனக்குத் தெரியும், குறுக்கே போடவும் தெரியும்.

ஜூன் 3, திங்கள்

பத்ரன் ஏலப்பாறைக்குப் போகிறான். வேலை ஒன்றும் இல்லை. கடைத்தெருவில் ஒரு அறை எடுத்து, வாடகை டைப்ரைட்டர் வைத்து, லயத்து ஆட்களுக்கு மனு எழுதிக் கொடுக்கப் போகிறானாம். மெஷினைத் தொட முடியுமா உன்னால் என்று கேட்டேன். தெரியலே என்றான். உன்னிடம் யார் வருவார்கள் என்று கேட்டேன். அதுவும் தெரியலே. ஏன் அங்கேயே போக வேண்டும் என்றதற்கு மட்டும், “மழை வரப் போறது அக்கா” என்றான்.

அம்மா வாசலுக்கு வரவில்லை.

ஜூன் 8, சனி

பத்ரனின் கார்டு வந்தது. பஸ்ஸில் பையைத் திறந்தபோது நார்த்தங்காய் ஊறுகாய் பாட்டில் இருந்ததாம்.

ஜூலை 6, சனி. ஏலப்பாறை

இரண்டு நாள் லீவில் வந்திருக்கிறேன். டீக்கடைக்குப் பக்கத்து அறை. ஒரு கட்டில், ஒரு மேஜை, மெஷின், வராந்தாவில் ஒரு பெஞ்சு. பெஞ்சு எதற்கு என்றேன். யாரும் நிற்கக் கூடாது என்றான். முதல் இரண்டு வாரம் அந்தப் பெஞ்சில் நாய்தான் படுத்திருந்ததாம். இப்போது மனு எழுதச் சில பேர் வருகிறார்கள். சூசையப்பன் தினம் இந்த வழியாகத்தான் போகிறார், திரும்பிப் பார்ப்பதில்லை என்றான். குறையாகச் சொல்லவில்லை.

மத்தியானம் என் பையிலிருந்து சீப்பை எடுக்கும்போது ஃபைல் வெளியே வந்துவிட்டது. ஐந்தாம் அத்தியாயம். திருத்தி எழுதுகிறேன், மறுபடி பதிவு செய்யலாம் என்றிருக்கிறேன், எழுந்து போகிற அந்தக் கதையை இந்தத் தடவை முதலிலேயே வைத்திருக்கிறேன் என்றெல்லாம் சொன்னேன். பத்ரன் கதையைக் கேட்டான். வகுப்பில் சொன்னதைப் போலச் சொல்லவில்லை, மெதுவாகச் சொன்னேன். பிறகு, “பதினாலாம் பக்கத்தைக் குடு” என்றான்.

மடிப்பை விரலால் நீவி மெஷினில் ஏற்றினான். விட்ட எழுத்துக்கு நேராகக் கொண்டுவரப் பத்து நிமிஷம் ஆயிற்று. அந்த வார்த்தையை முடித்தான். அடுத்த வரிக்கு என் கையெழுத்தைப் பார்த்தான். வெளியே மழை வலுத்துக்கொண்டிருந்தது. மூன்று வரி அடித்திருப்பான்.

வராந்தாவின் கோடியில் யாரோ வந்து நின்றார்கள். குடை, காக்கிச் சட்டை. பெஞ்சில் உட்காரவில்லை.

“லயத்துப் பின்னால ஓடை அடச்சிருக்கு. தண்ணி கட்டி நிக்கி” என்றார் சூசையப்பன். அறையைப் பார்த்துச் சொல்லவில்லை, மழையைப் பார்த்துச் சொன்னார்.

அவர் சொல்லி முடிப்பதற்குள் பத்ரன் எழுந்துவிட்டான். நாற்காலி பின்னால் விழுந்தது. செருப்புகூடப் போடவில்லை. இரண்டு பேரும் ஒரே குடையில் போவதை டீக்கடை தாண்டும்வரை பார்த்தேன்.

நாற்காலியை நிமிர்த்தி வைத்தேன். பதினாலாம் பக்கம் மெஷினில் இருக்கிறது, இந்தத் தடவையும் ஒரு வார்த்தையின் பாதியில். அதை எடுக்கவில்லை. மணி ஆறே கால். இன்னும் வரவில்லை. மழை விட்டிருக்கிறது, விளக்கை ஏற்றி வைத்துவிட்டு உட்கார்ந்திருக்கிறேன்.